விடியற்காலை ஆறு மணிக்குச் சாவி யாரிடம்?

போன இதழில் தக்கலையிலிருந்து ஒரு மாணவி கேட்டிருந்தார்: "விளையாட்டுக்கும் கச்சேரிக்கும் சேர்த்து ஒரே பெரிய அரங்கம் வெளிநாட்டுப் பல்கலைக்கழகங்களில் இருக்கிறதே, நம் குமரி மாவட்டத்துக்கு அப்படி ஒன்று வந்தால் எப்படி இருக்கும்?" ரொம்ப நன்றாக இருக்கும், ஆனால் கட்டுவதைவிடத் திறந்து வைத்திருப்பதுதான் கஷ்டம் என்று இரண்டு வரி எழுதியிருந்தேன். அந்த இரண்டு வரிக்கு இவ்வளவு கடிதங்கள் வரும் என்று எதிர்பார்க்கவில்லை. குளச்சலிலிருந்து வந்திருக்கிறது, ஆரல்வாய்மொழியிலிருந்து வந்திருக்கிறது, குலசேகரம் பக்கத்திலிருந்து ஓர் ஆசான்கூட எழுதியிருக்கிறார். சரி, இந்த இதழ் முழுக்க அதையே பேசிவிடுவோம்.

பல்நோக்கு அரங்கம் என்கிறீர்கள். எங்கள் ஊர்க் கல்யாண மண்டபத்தில் காலையில் ஷட்டில் விளையாடுகிறார்கள், சாயங்காலம் கச்சேரி நடக்கிறது. அதுவும் பல்நோக்குதானே?
– கல்லூரி மாணவர், மார்த்தாண்டம்

முதல் வித்தியாசம் உயரம், தம்பி. மண்டபத்தில் ஷட்டிலைக் கொஞ்சம் தூக்கி அடித்தால் ஃபேனில் பட்டுத் திரும்பும். வாலிபாலுக்குக் களத்தின் மேலே குறைந்தது 7 மீட்டர் உயரத்துக்கு விளக்கோ உத்திரமோ எதுவும் குறுக்கே வரக்கூடாது. உலகப் போட்டி நடத்தவேண்டும் என்றால் 12.5 மீட்டர். அடுத்தது நீள அகலம். கூடைப்பந்துக் களம் 28க்கு 15 மீட்டர், அதைச் சுற்றி 2 மீட்டர் காலி இடம் வேண்டும். வாலிபால் 18க்கு 9. ஆண்கள் கபடி 13க்கு 10. எல்லாவற்றையும் தன்னுள் அடக்குவது ஹேண்ட்பால் களம்தான், 40க்கு 20. அது உள்ளே நின்றால் மற்றவை எல்லாம் நின்றுவிடும்.

ஜெர்மனியில் பள்ளிக்கூடங்களுக்குக்கூட 45 மீட்டர் நீளம், 27 மீட்டர் அகலம், 7 மீட்டர் உயரம் என்று ஓர் அளவு வைத்துக்கொண்டு ஊர் ஊராகக் கட்டியிருக்கிறார்கள். அந்த அளவில் எனக்குப் பிடித்தது என்னவென்றால், கூரையிலிருந்து இரண்டு திரைகளை இறக்கினால் ஒரே கூடம் மூன்று கூடமாகிவிடும்; ஒரு பகுதியில் பெண்கள் வாலிபால், அடுத்ததில் கபடி, மூன்றாவதில் ஷட்டில், மூன்றும் ஒரே நேரத்தில், ஒருவர் பந்து இன்னொருவர் காலில் உருளாமல். திரைகளை மேலே ஏற்றிவிட்டால் 1,215 சதுர மீட்டர் ஒரே தளம், பட்டமளிப்பு விழாவோ கச்சேரியோ எதை வேண்டுமானாலும் வைத்துக்கொள்ளலாம்.

இன்னொரு வித்தியாசம் கண்ணுக்குத் தெரியாது. பெரிய கச்சேரிக்கு வருகிறவர்கள் ஒலிபெருக்கி, விளக்கு, திரை எல்லாவற்றையும் கூரையிலிருந்து தொங்கவிடுவார்கள். டன் கணக்கில் எடை. கூரையைக் கணக்குப் போடும் நாளிலேயே பொறியாளரிடம் "இந்த இந்த இடத்தில் இத்தனை டன் தொங்கும்" என்று சொல்லியிருக்கவேண்டும். சொல்லாமல் கட்டிவிட்டால் பிறகு தரையில் இரும்புக் கோபுரங்கள் நட்டுத்தான் விளக்குக் கட்டவேண்டும், அது பார்ப்பவர் கண்ணையும் மறைக்கும், தளத்தையும் கெடுக்கும்.

நம் மாவட்டத்தில் மைதானத்துக்கா பஞ்சம்? நாகர்கோவிலில் அண்ணா விளையாட்டரங்கம் இருக்கிறது, கல்லூரிகளில் மைதானங்கள் இருக்கின்றன. இதற்குக் கூரை போட்டுக் காசைக் கரைக்க வேண்டுமா?
– ஓய்வுபெற்ற ஆசிரியர், கொட்டாரம்

ஐயா, உங்கள் கேள்வியில் நியாயம் இருக்கிறது. தமிழ்நாட்டின் வேறு எந்த மாவட்டத்திலிருந்து இதைக் கேட்டிருந்தாலும் நானும் கொஞ்சம் யோசித்திருப்பேன். ஆனால் நமக்கு இடவப்பாதி என்கிற தென்மேற்குப் பருவமழையும் உண்டு, ஐப்பசி மழையும் உண்டு. ஜூனில் கல்லூரி திறக்கிறது, கூடவே மழையும் வருகிறது. அது ஓய்ந்து நிமிர்வதற்குள் அக்டோபரில் வடகிழக்குப் பருவமழை. நடுவில் எத்தனை நாள் களிமண் காய்ந்து, பந்து துள்ளும் நிலையில் இருக்கும் என்று பி.டி. சார் யாரையாவது கேட்டுப் பாருங்கள். நம் கல்லூரிகள் பெரும்பாலும் மனோன்மணியம் சுந்தரனார் பல்கலைக்கழகத்தோடு சேர்ந்தவை, போட்டிகள் கல்வியாண்டு அட்டவணைப்படி நடக்கும். மழை முடியட்டும் என்று யாரும் காத்திருக்க மாட்டார்கள்.

என் அனுபவத்தைச் சொல்கிறேன். நான் கல்லூரியில் வாலிபால் அணியில் இருந்தேன். கல்லூரியின் பெயர் வேண்டாம். அங்கே ஒரு பெரிய கூடம் இருந்தது, உயரம் போதும், விளக்கும் உண்டு. மழை பிடித்த நாள்களில் விடியற்காலை ஆறு மணிக்கு நாங்கள் பத்துப் பன்னிரண்டு பேர் அதன் வாசலில் போய் நிற்போம். பூட்டியிருக்கும். வாட்ச்மேனைக் கேட்டால் சாவி ஆபீஸில் இருக்கிறது என்பார். ஆபீஸ் பத்து மணிக்குத் திறக்கும், பத்து மணிக்கு எங்களுக்கு வகுப்பு. கடிதம் கொடுத்தோம், கூடம் ஆண்டு விழாவுக்கானது, தரை பாழாகிவிடும் என்று பதில் வந்தது. சைக்கிள் ஷெட்டின் தகரத்துக்குக் கீழே நின்று சுவரில் பந்தை அடித்துப் பழகினோம். அந்த வருடம் கல்லூரிகளுக்கு இடையிலான போட்டியில் முதல் சுற்றிலேயே வெளியே வந்தோம். எங்கள் அணியில் கடற்கரை ஊரிலிருந்து வந்த ஒருவன் இருந்தான், அவன் குதித்தால் இரண்டு கையும் முழங்கை வரைக்கும் வலைக்கு மேலே தெரியும். அந்த வருடத்தோடு விளையாட்டை விட்டுவிட்டுப் படகுக்குப் போய்விட்டான். கூரை இல்லாததால் அவன் போகவில்லை ஐயா. கூரை இருந்தது. சாவிதான் கிடைக்கவில்லை.

அதனால்தான் கூரையும் வேண்டும் என்கிறேன், அதைவிட முக்கியமாகச் சாவி யார் கையில் என்பது கட்டும் முன்பே முடிவாகவேண்டும் என்கிறேன்.

ஒரே கட்டடத்தில் இன்று கூடைப்பந்து, நாளைக்குப் பாட்டு என்று வெளிநாட்டில் எப்படி மாற்றுகிறார்கள்? உண்மையிலேயே நடக்கிறதா, இல்லை விளம்பரப் பேச்சா?
– ஒலி, ஒளி வாடகைக் கடை நடத்துபவர், அழகியமண்டபம்

நடக்கிறது அண்ணே, உங்கள் தொழில்காரர்கள்தான் நடத்துகிறார்கள். கூடைப்பந்துத் தளம் அங்கே பெரும்பாலும் பலகை பலகையாகக் கோர்த்தது. 8 அடிக்கு 4 அடி மேப்பிள் பலகை. களமும் சுற்றியுள்ள காலி இடமும் சேர்த்து 32க்கு 19 மீட்டர் என்று வைத்தால் சுமார் 205 பலகை வருகிறது. ஆட்டம் முடிந்ததும் கழற்றி, வரிசை எண்படி அடுக்கி, தள்ளுவண்டியில் கொண்டுபோய் வைத்துவிட்டு அதே இரவில் மேடை கட்டத் தொடங்குவார்கள். கீழ்வரிசை இருக்கைகள் அலமாரி இழுப்பறை மாதிரி உள்ளே போய்விடும்.

லாஸ் வேகஸில் நெவாடா பல்கலைக்கழகத்தின் அரங்கம் ஒன்று, தாமஸ் அண்ட் மேக் சென்டர், 1983இல் திறந்தது. கூடைப்பந்துக்குக் கட்டியது. அங்கே 1985 முதல், 2020ஆம் வருடம் தவிர, ஒவ்வொரு டிசம்பரிலும் குதிரையும் காளையும் அடக்கும் தேசியப் போட்டி நடக்கிறது. அதற்காகத் தளத்தின் மேல் மண்ணைக் கொட்டி நிரப்பி, முடிந்ததும் அள்ளிக்கொண்டு போகிறார்கள். டெக்சாஸ் பல்கலைக்கழகத்தின் மூடி சென்டர் 2022இல் ஆஸ்டின் நகரத்தில் திறந்தது. கச்சேரிக்கு 15,000 பேருக்கு மேல் கொள்ளும், ஆனால் கூடைப்பந்து நடக்கும்போது மேல் அடுக்கைத் திரையால் மறைத்துச் சுமார் 10,000 பேருக்குச் சுருக்கிக்கொள்கிறார்கள். பாதி காலியான அரங்கத்தில் விளையாடினால் பிள்ளைகளுக்கு உற்சாகம் வராது என்பது அவர்களுக்குத் தெரிந்திருக்கிறது.

எனக்குப் பிடித்தது இவை இரண்டும் அல்ல. வட கரோலினாவில் டியூக் பல்கலைக்கழகத்தின் கேமரன் அரங்கம், 1940இல் கட்டியது, 9,314 பேருக்குத்தான் இடம், அமெரிக்கக் கணக்கில் அது சின்னது. மாணவர்கள் களத்தின் விளிம்பிலேயே நின்று கத்துவார்கள். அதை இடித்துவிட்டுப் பெரிதாகக் கட்டப் பணம் இல்லாமல் இல்லை, கட்டவில்லை.

இன்னொன்றும் சொல்லவேண்டும். 2005இல் கத்ரீனா புயல் வந்தபோது லூசியானா மாநிலப் பல்கலைக்கழகத்தின் கூடைப்பந்து அரங்கத்தை இரவோடிரவாக மருத்துவமனையாக மாற்றினார்கள். வீரர்கள் ஓடுகிற தளத்தில் கட்டில்கள் போட்டு நோயாளிகளைக் கிடத்தினார்கள். 2004 டிசம்பர் 26ஐயும், 2017 நவம்பர் கடைசியில் ஒக்கி புயல் வந்த இரவையும் பார்த்த நமக்கு இதன் அருமையை யாரும் விளக்கவேண்டியதில்லை. அப்படியொரு கட்டடம் இங்கே வருமானால் தரைமட்டம் உயரமாக, ஜெனரேட்டர், தண்ணீர்த் தொட்டி, போதிய கழிப்பறை எல்லாவற்றோடும் வரவேண்டும்.

இந்தியாவில் பல்கலைக்கழகத்துக்குள் அப்படி ஏதாவது இருக்கிறதா?
– வாசகர், ஆரல்வாய்மொழி

கூரை இல்லாத வகையில் இருக்கிறது. நவி மும்பையில் டி.ஒய். பாட்டீல் பல்கலைக்கழக வளாகத்தில் உள்ள ஸ்டேடியத்தை நீங்கள் டிவியில் பார்த்திருப்பீர்கள். 2008இல் முதல் ஐ.பி.எல். இறுதி ஆட்டத்தில் நம் சென்னை அணி தோற்றது அங்கேதான். அதே இடத்தில் 2025 ஜனவரியில் கோல்ட்பிளே குழு மூன்று நாள் கச்சேரி நடத்தியது, அதே வருடம் நவம்பர் 2ஆம் தேதி நம் பெண்கள் அணி தென்னாப்பிரிக்காவை வென்று உலகக் கோப்பையைத் தூக்கியது. பத்து மாத இடைவெளியில் ஒரே புல்தரை.

நமக்குப் பக்கத்தில் என்றால் திருவனந்தபுரம் காரியவட்டம். கேரளப் பல்கலைக்கழகத்தின் நிலத்தில் 2015 தேசிய விளையாட்டுப் போட்டிக்காகக் கட்டியது. நிலம் பல்கலைக்கழகத்துடையது, கட்டி நடத்தும் உரிமையைக் குறிப்பிட்ட காலத்துக்கு ஒரு தனியார் குழுமத்துக்குக் கொடுத்தார்கள். கால்பந்து, கிரிக்கெட் இரண்டும் அங்கே நடந்தன. 2017 நவம்பர் 7ஆம் தேதி இந்தியா, நியூசிலாந்து டி20 ஆட்டத்துக்கு நம் ஊர்களிலிருந்து எத்தனையோ பேர் போனார்கள், மழை வந்து 8 ஓவர் ஆட்டமாகச் சுருங்கியது. கொட்டாரம் ஐயா இதையும் கவனிக்கவேண்டும். கட்டி நடத்திய குழுமம் 2018இல் பெரிய கடன் நெருக்கடியில் மாட்டிக்கொண்டது. அதனால் நான் சொல்வது, தனியாரை அழைத்தாலும் சரி, அரசே கட்டினாலும் சரி, நடத்துகிறவர் கை ஓய்ந்தால் மறுநாள் விளக்கு யார் போடுவது என்பது ஒப்பந்தத்தில் இருக்கவேண்டும்.

எங்கள் சர்ச் பாடகர் குழு ஒரு முறை உள்விளையாட்டரங்கில் பாடியது. ஒரு சொல்கூடப் புரியவில்லை, எல்லாம் கலந்து இரைச்சலாகக் கேட்டது. மைக் நல்ல மைக்தான். தப்பு எங்கே?
– பாடகி, முளகுமூடு

உங்கள் மேல் தப்பு இல்லை அம்மா, மைக்கிலும் இல்லை. அந்தக் கூடத்தில் ஒலியை உறிஞ்ச எதுவுமே இல்லை.

இதைக் கண்டுபிடித்த கதையே ஒரு பல்கலைக்கழகக் கதைதான். 1895இல் ஹார்வர்டு பல்கலைக்கழகத்தில் புதிதாகக் கட்டிய விரிவுரைக் கூடம் ஒன்றில் பேராசிரியர் பேசுவது யாருக்கும் விளங்கவில்லை. ஒரு சொல் சொன்னால் அது அடங்க ஐந்தரை நொடி ஆனது, அதற்குள் அடுத்த பத்துப் பன்னிரண்டு சொற்கள் அதன் மேல் வந்து விழுந்தன. வாலஸ் சபைன் என்ற இளம் இயற்பியல் ஆசிரியரிடம் இதைச் சரிசெய்யச் சொன்னார்கள். அவர் பக்கத்து அரங்கத்திலிருந்து இருக்கை மெத்தைகளை இரவில் தூக்கிவந்து, ஒவ்வொன்றாகப் போட்டு, ஓர் ஆர்கன் குழாயை ஊதி, ஒலி அடங்க எத்தனை நொடி ஆகிறது என்று அளந்தார். ஊர் தூங்கிய பிறகுதான் அளக்க முடியும், காலையில் வகுப்புக்கு மெத்தைகளைத் திருப்பி வைத்தாகவேண்டும். இப்படியே பல இரவுகள். அதிலிருந்து வந்த சூத்திரத்தைத்தான் இன்றும் உலகம் முழுக்கப் பயன்படுத்துகிறார்கள்: கூடத்தின் கன அளவை 0.161ஆல் பெருக்கி, உள்ளே இருக்கும் ஒலி உறிஞ்சும் பரப்பால் வகுத்தால், ஒலி அடங்கும் நேரம் நொடியில் கிடைக்கும்.

நம் அரங்கத்துக்கே போட்டுப் பார்ப்போம். கேலரியோடு சேர்த்து 60 மீட்டர் நீளம், 40 அகலம், 12 உயரம் என்றால் 28,800 கன மீட்டர். வெறும் சிமெண்டுச் சுவர், தகரக் கூரை என்று வைத்து, உறிஞ்சும் பரப்பு 1,000 சதுர மீட்டர் என்று கொஞ்சம் தாராளமாகவே எடுத்துக்கொண்டாலும் 4.6 நொடி வருகிறது. அதுதான் நீங்கள் கேட்ட இரைச்சல். 2,000 பேர் வந்து உட்கார்ந்தால் ஆளுக்கு அரை சதுர மீட்டர் என்று இன்னொரு 1,000 கூடி, 2.3 நொடிக்கு இறங்கும், ஏனென்றால் மனிதர்களும் அவர்கள் உடுத்தியிருக்கும் துணியும் ஒலியைக் குடிக்கும். ஆனால் கூட்டத்தை நம்பி அரங்கம் கட்டக்கூடாது. கூரையின் அடிப்பகுதி முழுக்க, 2,400 சதுர மீட்டருக்கும், துளையிட்ட பலகையும் அதற்குப் பின்னால் கண்ணாடி நார்ப் பஞ்சும் கொடுத்தால் காலி அரங்கத்திலேயே இரண்டு நொடிக்குக் கீழே வந்துவிடும். உங்கள் பாட்டும் புரியும், பயிற்சியாளர் கத்துவதும் பிள்ளைகளுக்குப் புரியும்.

அதே பஞ்சு இன்னொரு வேலையும் செய்யும். ஆடி மாதம் தகரக் கூரையின் மேல் நம்மூர் மழை விழுந்தால் பக்கத்தில் இருப்பவர் பேசுவதே கேட்காது. கூரைக்குக் கீழே தடித்த அடுக்கு இருந்தால்தான் மழைநாளில் கச்சேரி.

மரத்தளத்தில் நாற்காலி போட்டால் கீறல் விழாதா? சிமெண்டே போட்டுவிட்டால் என்ன?
– பி.டி. ஆசிரியை, இரணியல்

விழும். மேலே பாதுகாப்புத் தட்டி விரித்துத்தான் நாற்காலி போடவேண்டும், அந்தத் தட்டி வாங்கும் காசையும் முதல் மதிப்பீட்டிலேயே சேர்க்கவேண்டும், "அப்புறம் வாங்கிக்கொள்ளலாம்" என்றால் வாங்கவே மாட்டார்கள். சிமெண்டு மட்டும் வேண்டாம் டீச்சர். குதித்துக் குதித்துப் பிள்ளைகளின் முழங்கால் போய்விடும். அடியில் கொஞ்சம் அழுந்திக் கொடுக்கிற தளம் வேண்டும். நம் ஊர் ஈரப்பதத்துக்கு மரம் ஊதிச் சுருங்கும், அதனால் கடற்கரைப் பக்கம் கட்டினால் நல்ல ரப்பர் அல்லது வினைல் தளமே மேல் என்பது என் கருத்து. கபடிக்குத் தனி மேட் எப்படியும் விரிப்பீர்கள்.

என் மகள் கேரளத்தில் ஒரு கல்லூரியில் படிக்கிறாள். கல்லூரிக் கச்சேரி என்றாலே எனக்குப் பயமாக இருக்கிறது. கொச்சியில் நடந்ததை மறக்க முடியவில்லை. இங்கேயும் அப்படி ஓர் அரங்கம் வேண்டுமா?
– ஒரு தாய், களியக்காவிளை

அக்கா, உங்கள் பயத்தை நான் ஒதுக்கிவிட மாட்டேன்.

2023 நவம்பர் 25ஆம் தேதி மாலை, கொச்சி அறிவியல் தொழில்நுட்பப் பல்கலைக்கழகத்தின் திறந்தவெளி அரங்கில் மாணவர் விழாவின் கச்சேரி. வெளியே கூட்டம் காத்திருந்தது. திடீரென்று மழை. ஒதுங்குவதற்காக எல்லோரும் ஒரே வாசலை நோக்கி நெருக்கினார்கள். வாசலைத் தாண்டியதும் கீழே இறங்கும் படிகள். முன்னால் போனவர்கள் படியில் விழ, பின்னால் இருந்தவர்களுக்கு அது தெரியாமல் மேலும் நெருக்க, நான்கு பேர் போய்விட்டார்கள். மூன்று பேர் மாணவர்கள்.

யாரும் சண்டை போடவில்லை, தீப்பிடிக்கவில்லை, கட்டடம் இடியவில்லை. ஒரு மழை, ஒரு வாசல், ஒரு படிக்கட்டு. இந்த மூன்றும் நம் மாவட்டத்தில் எந்த மாலையிலும் ஒன்று சேரலாம். அதனால்தான் அரங்கத்தைப் பற்றிப் பேசும்போது இருக்கை எத்தனை என்பதற்கு முன்னால் வாசல் எத்தனை என்று கேட்கவேண்டும். தேசியக் கட்டட விதித்தொகுப்பு 2016இன்படி 500 பேருக்கு மேல் கூடும் இடத்துக்குக் குறைந்தது மூன்று வெளியேறும் வழி, 1,000 பேருக்கு மேல் என்றால் நான்கு. இது குறைந்தபட்சம்தான். அந்தக் கதவுகள் வெளிப்பக்கமாகத் திறக்கவேண்டும், நிகழ்ச்சி நடக்கும்போது ஒன்றுகூடப் பூட்டியிருக்கக்கூடாது. டிக்கெட் இல்லாமல் யாராவது நுழைந்துவிடுவார்கள் என்று பக்கவாட்டுக் கதவைச் சங்கிலி போட்டுக் கட்டும் பழக்கம் நம்மிடம் இருக்கிறது, அதை மட்டும் யார் செய்தாலும் அங்கேயே தடுக்கவேண்டும்.

என் ஆசை இதுதான்: வாசலுக்கு வெளியே, சுற்றிலும், அகலமான கூரை நீட்டிக்கொண்டு இருக்கட்டும், நம் பழைய வீடுகளின் திண்ணை மாதிரி. மழை வந்தால் கூட்டம் நின்ற இடத்திலேயே நிற்கும். உள்ளே ஓடவேண்டிய அவசியமே வராது. வாசலுக்கும் முதல் படிக்கும் நடுவில் சமதளமாகப் பத்து மீட்டராவது இருக்கட்டும், படியே இல்லாமல் சாய்வுதளமாக இருந்தால் இன்னும் நல்லது, சக்கர நாற்காலியில் வருகிறவர்களுக்கும் அதுதான் வழி. மகளுக்கு நீங்கள் சொல்லவேண்டியது ஒன்றே ஒன்று: எந்த அரங்கத்துக்குப் போனாலும் உட்காருவதற்கு முன் நுழைந்த வாசல் அல்லாமல் இன்னொரு வாசலைப் பார்த்து வைத்துக்கொள்ளச் சொல்லுங்கள்.

திருவிழாக் காலத்தில் கானமேளா இரவு ஒரு மணி வரைக்கும் போகிறது. இதில் பல்கலைக்கழகமும் சேர்ந்தால் நாங்கள் எப்போது தூங்குவது?
– வாசகர், வடசேரி

2000ஆம் ஆண்டின் ஒலி மாசு விதிகளின்படி இரவு 10 முதல் காலை 6 வரை ஒலிபெருக்கி கூடாது, மூடிய அரங்கங்களுக்குத்தான் அதிலிருந்து விலக்கு. பண்டிகை நாள்களுக்கு மாநில அரசு வருடத்தில் 15 நாள் வரை நள்ளிரவு 12 மணி வரைக்கும் அனுமதிக்கலாம், ஒரு மணிக்கு எந்த விதியிலும் இடமில்லை. கல்வி நிறுவனத்தைச் சுற்றி 100 மீட்டரை அமைதி மண்டலமாக அரசு அறிவிக்கலாம் என்பதையும் நினைவில் வையுங்கள். ஆகவே மூடிய, கனத்த சுவரும் கூரையும் உள்ள அரங்கம் உங்களுக்கு எதிரி அல்ல. மைதானத்தில் மேடை போட்டால்தான் நீங்கள் தூங்க முடியாது.

தூத்தூர், வள்ளவிளை பக்கத்துப் பையன்கள் மணலில் விளையாடியே கால்பந்தில் பேர் வாங்கியவர்கள். பல்கலைக்கழக அரங்கத்தில் அவர்களுக்கு என்ன வேலை? ஐ.டி. கார்டு இல்லாமல் கேட்டிலேயே நிறுத்திவிடுவார்கள்.
– மீனவர், இரவிபுத்தன்துறை

நீங்கள் சொல்வது சரி, அப்படித்தான் நடக்கும், நாம் இப்போதே பேசாவிட்டால். பதினொரு பேர் கால்பந்துக்கு உள்ளரங்கம் போதாது, ஆனால் ஐந்து பேர் ஆடும் ஃபுட்சாலுக்கு அந்த ஹேண்ட்பால் அளவுத் தளமே போதும். கடல் கொந்தளித்துப் படகு இறங்காத நாள்களில்தான் உங்கள் பையன்கள் கரையில் இருக்கிறார்கள், அதே நாள்களில் மணலிலும் விளையாட முடியாது. அந்த நாள்களுக்கு அரங்கம் அவர்களுடையதாக இருக்கவேண்டும். பொதுப் பணத்தில் கட்டும் கட்டடம் என்றால், பெயர் எழுதிக் கையெழுத்துப் போட்டுவிட்டு ஊர்ப் பிள்ளைகள் உள்ளே போகும் நேரம் தினமும் ஒன்று இருக்கவேண்டும் என்று நான் கேட்பேன். நீங்களும் உங்கள் ஊராட்சி வழியாகக் கேளுங்கள் அண்ணாச்சி.

வில்லுப்பாட்டுக்காரர்களுக்கு அந்த மேடை கிடைக்குமா, இல்லை சினிமாப் பாடகர்களுக்கு மட்டுமா?
– வில்லுப்பாட்டுக் கலைஞர், தோவாளை

திரையை இறக்கி மூன்றில் ஒரு பங்கைப் பிரித்து, 400 பேர் உட்காரும்படி ஒரு மூலையைச் சின்ன அரங்கமாக்கினால் வில்லுக்கு அது கச்சிதமான இடம். பத்தாயிரம் பேர் கூடத்தில் வில்லும் உடுக்கும் தொலைந்துபோகும். வாடகையைப் பெரிய கச்சேரிக்கு ஒரு விலை, நம் கலைஞர்களுக்கு மின்சாரச் செலவு மட்டும் என்று பிரித்து வைத்தால் நடக்கும்.

எல்லாம் சரி, பணம்? கரண்ட் பில் கட்டவே கச்சேரி வேண்டும், கச்சேரி வந்தால் விளையாட்டு போகும். இந்த முடிச்சை எப்படி அவிழ்ப்பது?
– கணக்காளர், நாகர்கோவில்

உண்மையான முடிச்சு இதுதான். விளக்கு, துப்புரவு, காவல், கூரைப் பராமரிப்பு எல்லாம் வருடம் முழுக்க ஓடும் செலவு. அதிலும் உப்புக்காற்றில் இரும்பு சீக்கிரம் துருவேறும், பெயிண்டை ஒத்திப்போட்டால் ஐந்து வருடத்தில் இரட்டைச் செலவு வைக்கும். விளையாட்டுப் பயிற்சியிலிருந்து பைசா வராது. கச்சேரி, கண்காட்சி, தேர்வு, கல்யாணம் என்று வாடகைக்கு விட்டால் வரும். அமெரிக்காவிலும் இதே கணக்குத்தான்.

ஆனால் எந்த நாளை விற்பது, எதை விற்கக்கூடாது என்பதை முதலில் எழுதிவிடலாமே. காலை 5.30 முதல் 8.30, மாலை 4 முதல் 7, இந்த ஆறு மணி நேரம் பயிற்சிக்கு. வருடத்தில் இத்தனை நாள், முப்பதோ நாற்பதோ, பேசி முடிவு செய்யலாம், அந்த நாள்களில் மட்டும் முழு அரங்கத்தையும் வாடகைக்கு விடலாம், அந்தத் தேதிகளைக் கல்வியாண்டு தொடங்கும் முன்பே வாசலில் ஒட்டிவிடவேண்டும். வாடகையில் ஒரு பங்கு பராமரிப்புக் கணக்கைத் தாண்டி வேறெங்கும் போகக்கூடாது. கல்யாணத்துக்கு விடவே கூடாது என்பது என் பிடிவாதம், ஏனென்றால் முகூர்த்த நாளும் போட்டி நாளும் மோதினால் எது ஜெயிக்கும் என்று உங்களுக்கே தெரியும். அதேபோல வாக்கு எண்ணும் மையமாக எடுத்தால் பெட்டிகளை வைத்துப் பூட்டி வாரக்கணக்கில் யாரும் உள்ளே போக முடியாது; அதற்கு வேறு கட்டடம் பார்க்கச் சொல்லி முன்கூட்டியே மாவட்ட நிர்வாகத்திடம் பேசிவிடவேண்டும்.

சாவி மூன்று செய்யுங்கள். ஒன்று அலுவலகத்தில், ஒன்று உடற்கல்வி இயக்குநரிடம், ஒன்று மாணவர் அணித் தலைவரிடம். மூன்றாவது சாவி கொடுத்தால் பொருள்கள் தொலைந்துபோகும் என்பார்கள். தொலையலாம். இரண்டு பந்து, ஒரு வலை. வாங்கிக்கொள்ளலாம்.

நான் அடிமுறை என்ற நம் பழைய தற்காப்புக் கலையைச் சொல்லிக்கொடுக்கிறேன். எங்கள் களரி மண்தரை, வெறுங்கால். அந்தப் பளபளப்புத் தளத்தில் எங்களுக்கு இடம் உண்டா?
– ஆசான், குலசேகரம் அருகே

உங்களுக்கு உள்ளே அல்ல, ஆசானே, பக்கத்தில் இடம் கேட்கிறேன். தாமஸ் அண்ட் மேக்கில் காளைகளுக்காக மண் கொட்டுகிறார்கள் என்று மேலே எழுதினேன் அல்லவா, அந்த மாதிரி கொட்டி அள்ளுவது நமக்குக் கட்டாது. நான் சொன்ன திண்ணைக் கூரை சுற்றிலும் வருமானால், அதன் ஒரு பக்கத்தில் சிமெண்டு பூசாமல் ஒரு துண்டு மண்தரையை அப்படியே விட்டுவைக்கலாம். நாற்பது அடிக்கு இருபது அடி போதும் என்று நினைக்கிறேன். சுவடு வைக்க, அதாவது அடவுக்கேற்ப கால் எடுத்து வைக்க, அதற்கு மேல் வேண்டுமென்றால் அளவை எழுதி அனுப்புங்கள், அடுத்த இதழில் போடுகிறேன்.